டிரினிடாட் கார்னிவலுக்கு நண்பர்களோடு

கரீபியன் தீவுகளில் விழாக்களுக்குக் குறைவில்லை. பஹாமாஸில் டிசம்பர் 26 அன்றும் புத்தாண்டு அன்றும் ஜங்கனூ ஊர்வலம் நடக்கும். பார்படாஸில் கரும்பு அறுவடை முடிந்ததைக் கொண்டாடும் கிராப் ஓவர், ஆகஸ்ட் முதல் திங்கட்கிழமை உச்சத்தைத் தொடும். ஆனாலும் நண்பர்கள் சேர்ந்து ஒரே ஒரு விழாவுக்குத்தான் போக முடியும் என்றால், நான் டிரினிடாட் கார்னிவலைத்தான் சொல்வேன். இசை, வரலாறு, கொண்டாட்டம் மூன்றும் அங்கே ஒரே தெருவில் சேர்ந்து வரும்.

முதலில் தேதி. ஆண்டுதோறும் சாம்பல் புதனுக்கு முந்தைய திங்களும் செவ்வாயும்தான் கார்னிவல். ஈஸ்டரை ஒட்டி இந்தத் தேதி நகரும். 2027-இல் பிப்ரவரி 8, 9. 2028-இல் பிப்ரவரி 28, 29. சட்டப்படி இந்த இரண்டும் அரசு விடுமுறை நாட்கள் அல்ல. ஆனால் தலைநகர் போர்ட் ஆஃப் ஸ்பெயினில் வேறெந்த வேலையும் நடக்காது.

பெரும்பாலான குழுக்கள் அந்த இரண்டு நாட்களை மட்டும் குறிவைத்துப் போகின்றன. விழாவின் உயிரான பகுதி அவர்களுக்குத் தப்பிவிடுகிறது. முடிந்தால் ஒரு வாரம் முன்னதாகவே போய்ச் சேருங்கள். காரணம், ஸ்டீல்பேன் என்ற உலோக இசைக்கருவி. அது பிறந்த கதை கார்னிவலின் கதையோடு பின்னியது.

விடுதலை பெற்ற ஆப்பிரிக்க அடிமைகள் தீப்பந்தமும் முரசுமாகத் தெருவில் இறங்கி நடத்திய கான்பூலே ஊர்வலத்திலிருந்து வளர்ந்தது இந்தக் கார்னிவல். ஆங்கிலேய அரசு அதை அடக்கப் பார்த்தது. 1881-இல் போலீசாருக்கும் மக்களுக்கும் பெரிய மோதலே நடந்தது. பின்னர் தோல் முரசுக்குத் தடை வந்தது. மக்கள் மூங்கில் குழாய்களைத் தரையில் குத்தித் தாளம் போட்டார்கள். பிறகு பிஸ்கட் டின், பெயின்ட் டப்பா என்று கையில் கிடைத்த உலோகத்தையெல்லாம் தட்டினார்கள். கடைசியில் எண்ணெய் பீப்பாயின் அடித்தட்டைக் குழியாகத் தட்டி, அதில் சுரங்களைப் பிறக்க வைத்தார்கள். 1930, 40களில் ஏழைக் குடியிருப்புகளில் உருவான அந்தக் கருவி 1992-இல் நாட்டின் தேசிய வாத்தியமானது. ஆகஸ்ட் 11-ஐ உலக ஸ்டீல்பேன் தினமாக ஐ.நா. 2023-இல் அறிவித்தது.

ஸ்டீல்பேன் குழுக்களுக்கான பனோரமா போட்டி 1963-இல் தொடங்கியது. கார்னிவலுக்கு முந்தைய சனிக்கிழமை இரவு, குயின்ஸ் பார்க் சவானா மைதானத்தில் பெரிய குழுக்களின் இறுதிச் சுற்று நடக்கும். ஒரு பெரிய குழுவில் நூறு பேருக்கு மேல் வாசிப்பார்கள். இதற்கான ஒத்திகைகள் பல வாரங்கள், நள்ளிரவு தாண்டியும், ‘பேன் யார்டு’ எனப்படும் திறந்த முற்றங்களில் நடக்கும். உள்ளே போய் நின்று கேட்கலாம். பொதுவாகக் கட்டணம் இல்லை. உட்புரூக் பகுதியில் இன்வேடர்ஸ், ஃபேஸ் டூ, டியூக் தெருவில் ஆல் ஸ்டார்ஸ், சார்லட் தெருவில் ரெனிகேட்ஸ் என்று நகருக்குள்ளேயே புகழ்பெற்ற குழுக்கள் இருக்கின்றன. வாசிப்பவர்களில் பலர் மாணவர்கள், வேலை முடித்து வந்தவர்கள். இசைக்குறிப்புத் தாள் பார்ப்பவர்கள் குறைவு. ஒவ்வொரு அடியாகக் கேட்டு, மனப்பாடம் செய்து, பிசிறில்லாமல் வாசிக்கிறார்கள். கார்னிவலில் வேறு எதைத் தவறவிட்டாலும் இதைத் தவறவிடாதீர்கள்.

அடுத்து உங்கள் குழு கூடிப் பேச வேண்டியது, ஊர்வலத்தில் இறங்கி ஆடுவதா, ஓரமாக நின்று பார்ப்பதா என்பது. அங்கே ஆடுவதை ‘மாஸ் ஆடுவது’ என்பார்கள். அதற்கு ஒரு மாஸ் குழுவில் பதிவு செய்து உடை வாங்க வேண்டும். குழுக்கள் தங்கள் உடைகளை முந்தைய ஆண்டின் நடுவிலிருந்தே வெளியிடத் தொடங்கிவிடும். பிடித்த பிரிவுகள் விரைவில் நிரம்பிவிடும். விலை சில நூறு அமெரிக்க டாலரிலிருந்து ஆயிரத்தைத் தாண்டியும் போகும். பெரிய குழுக்களில் சாப்பாடு, குடிநீர், மதுபானம், பாதுகாவலர், இசை வண்டி எல்லாம் அதற்குள் அடங்கும். முன்பணம் பெரும்பாலும் திரும்பக் கிடைக்காது. ஆகவே “வருகிறேன்” என்று வாயால் சொன்னவரை எல்லாம் கணக்கில் சேர்க்காதீர்கள். பணம் கட்டியவரை மட்டும் சேர்த்துக்கொள்ளுங்கள். எல்லோரும் ஒரே பிரிவில் பதிவு செய்யுங்கள். இல்லையென்றால் ஆயிரக்கணக்கானோர் நடுவே ஒருவரையொருவர் நாள் முழுக்கத் தேட வேண்டியிருக்கும்.

அவ்வளவு செலவு வேண்டாம் என்பவர்களுக்கு ஜுவே இருக்கிறது. திங்கள் விடியுமுன் இருட்டிலேயே தொடங்கும். சேறு, சாயம், எண்ணெய், சில குழுக்களில் உருக்கிய சாக்லேட் என உடம்பெல்லாம் பூசிக்கொண்டு, விடியும்வரை இசைக்குப் பின்னால் நடப்பார்கள். பழைய சட்டை, பழைய காலணி போதும். கட்டணமும் மாஸ் உடையைவிட மிகக் குறைவு. பளபளப்பான செவ்வாய் ஊர்வலத்தைவிட இதில்தான் அந்தப் பழைய கான்பூலேயின் சாயல் அதிகம் என்பது என் எண்ணம். ஞாயிறு மாலை தூங்கிவிட்டு ஜுவேக்குப் போனால்தான் செவ்வாய் வரை தாங்கும்.

தங்க உட்புரூக், நியூடவுன், செயின்ட் கிளேர் பகுதிகளைப் பாருங்கள். ஊர்வலப் பாதைக்கும் சவானாவுக்கும் நடந்தே போய்விடலாம். திங்கள், செவ்வாயில் சாலைகள் அடைபடுவதால் வாடகைக் கார் பயன்படாது. விழா வாரத்தில் அறை வாடகை பல மடங்கு ஏறும். இத்தனை இரவு தங்கியே ஆகவேண்டும் என்ற நிபந்தனையும் இருக்கும். அதனால் ஆறு மாதம் முன்பே வீடு ஒன்றை மொத்தமாக எடுத்துப் பகிர்ந்துகொள்வது நல்லது.

பாதுகாப்பை இலேசாக எடுத்துக்கொள்ளக் கூடாது. கும்பல் வன்முறை காரணமாக 2024 டிசம்பர் இறுதியில் அங்கே நெருக்கடி நிலை அறிவிக்கப்பட்டது. 2025 கார்னிவல் அதன் கீழேயே நடந்தது. இரவில் தனியாக நடக்காதீர்கள். ‘எச்’ எழுத்தில் தொடங்கும் எண் பலகை உள்ள வாடகை வண்டிகளிலேயே ஏறுங்கள். கூட்டத்தில் பிரிந்தால் எங்கே சந்திப்பது என்று தினமும் காலையிலேயே முடிவு செய்யுங்கள். ராணுவ உருமறைப்பு (கேமஃப்ளாஜ்) வடிவத் துணி அங்கே சட்டப்படி தடை; குழந்தைகளின் உடையில்கூட வேண்டாம்.

சைவ உணவுக்காரர்கள் கவலைப்பட வேண்டாம். 1845-இல் ஃபாத்தல் ரசாக் கப்பல் வந்ததிலிருந்து இந்தியக் கூலித் தொழிலாளர்கள் அங்கே குடியேறினார்கள். மக்களில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் அவர்கள் வழி வந்தவர்கள். பெரும்பாலோர் போஜ்புரிப் பகுதியினர். மதராஸ் துறைமுகத்திலிருந்து சென்றவர்களும் உண்டு. அவர்கள் வழிவந்த காளி வழிபாடு இன்றும் அங்கே நடக்கிறது. இந்தியச் சமையலின் சாயலில், பொரித்த இரண்டு மெல்லிய ரொட்டிகளுக்கு நடுவே கொண்டைக்கடலைக் கறி வைத்த ‘டபுள்ஸ்’ தெருவெங்கும் கிடைக்கும். கார்னிவலை ஆட்டிவைக்கும் சோகா இசையையும், 1970களில் லார்ட் ஷார்ட்டி என்ற பாடகர் கலிப்சோவோடு இந்தியத் தாளங்களைச் சேர்த்துத்தான் உருவாக்கினார்.

புதன்கிழமை ஊரே மரகாஸ் கடற்கரைக்குப் போய்விடும். நீங்களும் போங்கள், வியாழன் அல்லது அதற்குப் பிறகு விமானம் ஏறுங்கள்.

இந்தியாவிலிருந்து நேரடி விமானம் இல்லை. அமெரிக்கா வழியாகப் போனால், விமானம் மாறுவதற்கு மட்டும்கூட அந்நாட்டு விசா வேண்டும். அதற்குக் காத்திருக்கும் காலத்தையும் சேர்த்துத் திட்டமிடுங்கள். டிரினிடாட், மஞ்சள் காய்ச்சல் நாடுகள் பட்டியலில் இருக்கிறது. தடுப்பூசிச் சான்று இல்லாமல் இந்தியா திரும்பினால் ஆறு நாள் வரை தனிமைப்படுத்துவார்கள். ஊசி போட்டுப் பத்து நாள் கழித்தே சான்று செல்லும். பிறகு வாழ்நாள் முழுதும் செல்லுபடியாகும். சென்னையில் கிண்டி கிங் இன்ஸ்டிடியூட்டில் போடுகிறார்கள். பயணச்சீட்டு வாங்கிய வாரத்திலேயே குழுவாகப் போய்ப் போட்டுக்கொள்ளுங்கள்.