“உம்மா, இந்தச் சார்ஜரைக் கழற்றிப் பார்க்கட்டுமா?”

உங்கள் மகள் இப்படிக் கேட்டால் என்ன சொல்வீர்கள்? “பொம்பிளைப் பிள்ளைக்கு ஏன் இந்த வேலை?” என்று அதட்டிவிடாதீர்கள், சகோதரியே! அவளுக்குப் பதில் சொல்லுமுன் நீங்களும் கொஞ்சம் தெரிந்துகொள்ளுங்கள்.

நம் வீட்டுச் சுவரில் வருவது 230 வோல்ட் ஆடலோட்டம். செக்கனுக்கு 50 தடவை முன்னும் பின்னும் ஆடுவது. சாதாரண சார்ஜர் தொலைபேசிக்குக் கொடுப்பதோ 5 வோல்ட் நேரோட்டம். ஒன்றை மற்றதாக்குவது எப்படி?

பழைய, பாரமான அடப்டரில் நான்கு படிகள் உண்டு.

முதலாவது நிலைமாற்றி. இரும்பைச் சுற்றி இரண்டு கம்பிச் சுருள்கள். 230 வோல்டை 9 வோல்ட் அளவுக்கு இறக்கும். சுருள்கள் இரண்டுக்கும் மின் தொடர்பே இல்லை. காந்தத்தின் வழியாகவே சக்தி கடக்கிறது. அந்தப் பிரிவினைதான் உங்கள் பிள்ளையின் உயிருக்குக் காவல்.

இரண்டாவது, நான்கு இருவாயிகள். ஆடும் மின்னை ஒரே திசையில் ஓடவைக்கும்.

மூன்றாவது கொள்ளளவி. குழாயில் தண்ணீர் விட்டுவிட்டு வந்தாலும் தாங்கியிலிருந்து ஒழுங்காக வருமல்லவா? அதே வேலைதான்.

நான்காவது ரெகுலேட்டர். அதற்கு 10 வோல்ட் வந்தால், 5 வோல்டை வெளியே விட்டு மீதியை வெப்பமாக்கிவிடும். பாதி மின்சாரம் வீண்! அடப்டர் சுடுவதற்கு இதுவும் ஒரு காரணம்.

இன்றைய சார்ஜர்கள் மின்னைச் செக்கனுக்குப் பல்லாயிரம் தடவை வெட்டி வெட்டி அனுப்புகின்றன. அதனால் மிகச் சிறிய நிலைமாற்றி போதும், வீணாவதும் குறைவு. ஆனால் உள்ளேயுள்ள கொள்ளளவியில் 300 வோல்டுக்கும் மேல் சேர்ந்திருக்கும். சுவரிலிருந்து கழற்றிய பிறகும் சிறிது நேரம் அது தங்கக்கூடும்.

மலிவான போலிச் சார்ஜர்களில் சுருள்களுக்கிடையிலான காப்பு மெல்லியதாக இருக்கலாம். அது பழுதானால் 230 வோல்டும் தொலைபேசிக்கே வந்துவிடும். வெடித்த, அளவுக்கு மீறிச் சுடுகிற, கருகல் மணம் வருகிற சார்ஜரை உடனே ஒதுக்கிவிடுங்கள். தலையணைக்கடியில் வைத்துச் சார்ஜ் செய்யாதீர்கள். ஈரக்கையால் தொடாதீர்கள்.

இப்போது மகளுக்குப் பதில் சொல்லலாம்: “சார்ஜரைக் கழற்றாதே மகள். ஆனால் படி.” 9 வோல்ட் பற்றரி ஒன்று, 7805 என்னும் மூன்று கால் ரெகுலேட்டர், சிறு கொள்ளளவிகள் இரண்டு, ஒரு மல்டிமீற்றர் வாங்கிக் கொடுங்கள். 9 வோல்ட் உள்ளே போய் 5 வோல்ட் வெளியே வருவதை அவளே அளந்து பார்க்கட்டும்.

சுவர் மின்சாரத்தைத் தொடாமலே அவள் முதல் பாடத்தைப் படித்துவிடுவாள். பக்கத்தில் நீங்களும் உட்காருங்கள்!