கேம் நடுவே விளம்பரம்: வரும் வழியும் மறிக்கும் வழியும்

மாலை ஆறரை மணிக்குச் சென்னை கிண்டி ரயில் நிலைய நடைமேடையில் நின்று பாருங்கள். ஒலிம்பியா வளாகத்திலிருந்தும் திரு.வி.க. தொழிற்பேட்டையிலிருந்தும் வேலை முடிந்து வருகிறவர்கள் தாம்பரம் வண்டிக்குக் காத்திருப்பார்கள். லூடோ, கேரம், மிட்டாய்களை வரிசை சேர்க்கும் கேம், தண்டவாளத்தில் ஓடும் பையன் என்று கையில் ஏதாவது ஒன்று ஓடிக்கொண்டிருக்கும். கொஞ்சம் கவனித்தால், விளையாடும் விரல் அடிக்கடி ஆட்டத்தை விட்டுத் திரையின் மேல் மூலைக்குப் போய் எதையோ தேடுவது தெரியும். விளம்பரத்தை மூடும் பெருக்கல் குறியைத்தான் அது தேடுகிறது.

முதலில் அந்தக் குறியே இருக்காது. அந்த இடத்தில் ஐந்து, நான்கு, மூன்று என்று எண் இறங்கும். எண் முடிந்ததும் இரட்டை அம்புக்குறி வரும். அதைத் தொட்டால் விளம்பரம் மூடாது. அடுத்த பக்கத்துக்குத் தாவும். அங்கே நடுவில் பச்சை நிறத்தில் பெரிய ‘இன்ஸ்டால்’ பட்டன். மேல் மூலையில், வெள்ளைப் பின்னணியில் வெளிர் சாம்பல் நிறத்தில், சுண்டுவிரல் பட்டாலே மறைந்துவிடும் அளவில் ஒரு பெருக்கல் குறி. விரல் ஒரு நூல் தள்ளிப் பட்டால் போதும், பிளே ஸ்டோர் திறந்துவிடும். சில விளம்பரங்களில் அந்தக் குறியே படத்தின் ஒரு பகுதியாக வரையப்பட்டிருக்கும்; எத்தனை முறை தொட்டாலும் மூடாது.

இது உங்கள் விரலின் குற்றம் அல்ல. மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2023 நவம்பர் 30 அன்று வெளியிட்ட வழிகாட்டு நெறிமுறைகள், இணையத்தில் நுகர்வோரை ஏமாற்றும் 13 வகை வடிவமைப்பு உத்திகளைப் பட்டியலிட்டுத் தடை செய்கின்றன. அதில் தரப்பட்டுள்ள எடுத்துக்காட்டுகளில் ஒன்று இதேதான்: மூடுவதற்கான பெருக்கல் குறியைத் தொட்டால் மூடாமல் இன்னொரு விளம்பரம் திறப்பது. தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-இல் இதற்குப் புகார் சொல்லலாம். கூகுளின் பிளே ஸ்டோரும் 2022 செப்டம்பர் 30 முதல் ஒரு விதியை நடைமுறைப்படுத்தியிருக்கிறது. ஆட்டத்தின் நடுவிலோ ஒரு கட்டம் தொடங்கும்போதோ முழுத்திரை விளம்பரம் திடீரென்று வரக் கூடாது. 15 விநாடி கடந்தும் மூட முடியாமல் இருக்கக் கூடாது. நாணயமோ கூடுதல் உயிரோ கிடைக்கும் என்று நாமே விரும்பிப் பார்க்கும் விளம்பரத்துக்கு விலக்கு உண்டு. விதியை மீறும் கேமை அதன் பிளே ஸ்டோர் பக்கத்திலேயே மூன்று புள்ளியைத் தொட்டுப் புகார் செய்யலாம்.

குதித்து வரும் விளம்பரத்தின் வரலாறும் ஒரு புகாரில்தான் தொடங்கியது. 1990-களில் டிரைபாட் என்ற அமெரிக்க இணையதளத்தில், ஒரு கார் நிறுவனத்தின் விளம்பரம் ஆபாசமான பக்கம் ஒன்றின் மேல் போய் உட்கார்ந்தது. நிறுவனம் கொதித்தது. பக்கத்தோடு ஒட்டாமல் விளம்பரத்தைத் தனி ஜன்னலில் திறந்தால் இந்தத் தொல்லை இருக்காது என்று நினைத்து, அங்கே வேலை பார்த்த ஈதன் சக்கர்மேன் அதற்கான நிரலை எழுதினார். 2014-இல் அவரே பத்திரிகையில் கட்டுரை எழுதி உலகத்திடம் மன்னிப்புக் கேட்டார். விளம்பரத்தையே நம்பி இணையத்தைக் கட்டியதுதான் அடிப்படைத் தவறு என்பது அவருடைய வாதம். மொபைல் கேம்களைப் பார்க்கும்போது அதை மறுக்கத் தோன்றவில்லை.

சரி, விளம்பரம் எப்படி வருகிறது? கேமை எழுதியவருக்கு, உங்கள் திரையில் எந்த விளம்பரம் வரப்போகிறது என்று தெரியாது. விளம்பர நிறுவனம் ஒன்று தரும் எஸ்டிகே என்ற மென்பொருள் துண்டைத் தன் கேமுக்குள் அவர் வைத்துக்கொள்கிறார், அவ்வளவுதான். நீங்கள் மூன்றாவது கட்டத்தை ஆடிக்கொண்டிருக்கும்போதே அந்தத் துண்டு வெளியே செய்தி அனுப்புகிறது: இன்ன மாடல் போன், இன்ன ஊர், இன்ன மொழி, இன்ன விளம்பர ஐடி, ஒரு முழுத்திரை காலியாகப் போகிறது. அங்கே கண்ணிமைக்கும் நேரத்துக்குள் ஏலம் நடக்கிறது. அதிக விலை கேட்டவரின் காணொளி உங்கள் போனில் வந்து இறங்கிக் காத்திருக்கிறது. நீங்கள் தோற்றதும் திரைக்கு வருகிறது. விலை ஆயிரம் பார்வைக்கு இவ்வளவு என்று கணக்கிடப்படும். இந்தியப் பார்வைக்குக் கிடைக்கும் விலை அமெரிக்கப் பார்வைக்குக் கிடைப்பதைவிட மிகக் குறைவு. அதே வருமானத்தை எட்ட நமக்கு அதிகத் தடவை காட்ட வேண்டியிருக்கிறது.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்றுதான். விளம்பரம் கேமுக்குள் இல்லை. வேறொரு முகவரியிலிருந்து ஒவ்வொரு முறையும் வரவழைக்கப்படுகிறது. கிண்டியில் வண்டி ஏறியதும் போனை ஃபிளைட் மோடில் போட்டுவிட்டு, இணையம் தேவைப்படாத கேம் ஒன்றை ஆடிப் பாருங்கள். ஏற்கெனவே இறங்கிக் காத்திருந்த ஒன்றிரண்டு வரலாம். அதன் பிறகு தாம்பரம் வரை அமைதி. காசு செலவில்லாத, எதையும் இன்ஸ்டால் செய்யத் தேவையில்லாத முறை இது. சுடோகு, மிட்டாய் வகை, ஓட்ட வகை கேம்கள் பலவும் இப்படி ஆடக்கூடியவை. அழைப்பு வர வேண்டும் என்றால் மொபைல் டேட்டாவை மட்டும் அணைத்தாலும் போதும்.

இணையம் வேண்டும், விளம்பரம் வேண்டாம் என்றால் டிஎன்எஸ் என்ற ஏற்பாட்டைப் புரிந்துகொள்ள வேண்டும். இணையத்தில் எந்த இடத்துக்குப் போக வேண்டுமானாலும் போன் முதலில் அதன் பெயரைச் சொல்லி, எண் வடிவிலான முகவரியைக் கேட்டு வாங்குகிறது. நிலைய வாசலில் நிற்கும் ஆட்டோக்காரரிடம் ஒரு கட்டடத்தின் பெயரைச் சொல்லி வழி கேட்பது மாதிரி. அவர் ‘அப்படி ஓர் இடமே இல்லை’ என்று சொல்லிவிட்டால் நாம் அங்கே போக முடியாது. விளம்பர நிறுவனங்களின் பெயர்களைக் கேட்டால் மட்டும் ‘இல்லை’ என்று சொல்லும் டிஎன்எஸ் சேவைகள் இருக்கின்றன. அட்கார்ட் நிறுவனம் இலவசமாகவே ஒன்றை நடத்துகிறது. 2018-இல் வந்த ஆண்ட்ராய்டு 9 முதல் போனிலேயே இதற்கு இடம் இருக்கிறது: செட்டிங்ஸில் நெட்வொர்க் பகுதிக்குள் ‘பிரைவேட் டிஎன்எஸ்’. அங்கே அந்தச் சேவையின் பெயரை எழுதிச் சேமித்தால் கேம்களில் பெரும்பாலான விளம்பரம் நின்றுபோகும். பெயரை அந்த நிறுவனத்தின் சொந்தத் தளத்திலிருந்து மட்டும் எடுங்கள். ஐபோனில் இதே சேவைகள் தரும் புரொஃபைலை நிறுவிக்கொள்ள வேண்டும்.

இதற்கு எல்லை உண்டு. கேம் வரும் அதே முகவரியிலிருந்து விளம்பரமும் வந்தால் டிஎன்எஸ் அதைப் பிரித்தறியாது. யூடியூப் விளம்பரம் இந்த முறையில் நிற்காததற்குக் காரணம் இதுதான். நாணயத்துக்காக விரும்பிப் பார்க்கும் விளம்பரமும் சேர்ந்து நின்றுவிடும். ஏதாவது ஓர் ஆப் முரண்டு பிடித்தால் பிரைவேட் டிஎன்எஸ்ஸைச் சற்று நேரம் அணைத்துவிட்டுப் பாருங்கள். இன்னொன்றும் முக்கியம்: நீங்கள் எங்கெங்கே போகிறீர்கள் என்பது டிஎன்எஸ் நடத்துபவருக்குத் தெரியும். அதனால் பெயர் தெரியாத சேவையிடம் இந்த வேலையை நம்பிக் கொடுக்கக் கூடாது.

வீட்டில் வைஃபை இருந்து, கொஞ்சம் கை ஓட்டமும் இருந்தால் பை-ஹோல் என்ற இலவச மென்பொருள் இருக்கிறது. ரிச்சி தெருவில் கிடைக்கும் ராஸ்பெரி பை என்ற உள்ளங்கை அளவுக் கணினியில் இதை நிறுவி ரவுட்டரோடு இணைத்தால், வீட்டில் உள்ள எல்லா போனுக்கும் டிவிக்கும் அதுவே டிஎன்எஸ். எந்தக் கருவி எத்தனை முறை எந்தப் பெயரைக் கேட்டது, எத்தனை மறுக்கப்பட்டது என்று அதன் திரை வரிசையாகக் காட்டும். யாரும் தொடாமல் மேசையில் கிடக்கும் போன்கூட எத்தனை பேரிடம் பேசிக்கொண்டிருக்கிறது என்பதை அந்தத் திரையில் பார்த்தால்தான் நம்ப முடியும். பள்ளிப் பிள்ளைகளுக்கு இணையம் இயங்கும் விதத்தைக் காட்ட இதைவிட நல்ல பாடம் எனக்குத் தெரியாது. கணினியில் பிரவுசர் கேம் ஆடுபவர்களுக்கு ஃபயர்ஃபாக்ஸும், ரேமண்ட் ஹில் உருவாக்கிய யுபிளாக் ஆரிஜினும் போதும்.

கேம் எதுவும் திறக்காதபோதே முகப்புத் திரையில் விளம்பரம் குதிக்கிறதா? அப்படியென்றால் நோய் வேறு. டார்ச், வால்பேப்பர், ‘போனைச் சுத்தம் செய்யும்’ ஆப் என்று எப்போதோ இறக்கிய ஒன்று ஒளிந்துகொண்டு காட்டுகிறது. விளம்பரம் வந்த அதே கணத்தில், சமீபத்தில் திறந்த ஆப்களைக் காட்டும் பட்டனை அழுத்துங்கள். அந்த விளம்பரத்தின் மேல் எந்த ஆப்பின் சின்னம் இருக்கிறதோ அதுதான் குற்றவாளி. பிறகு செட்டிங்ஸில் ‘மற்ற ஆப்களின் மேல் காட்ட அனுமதி’ என்ற பட்டியலைத் திறந்து, தேவையில்லாத எல்லாவற்றுக்கும் அனுமதியை அணையுங்கள். ‘உங்கள் போனில் வைரஸ்’ என்று அறிவிப்பு வந்தால் அது பெரும்பாலும் குரோமிலிருந்து வரும். என்றோ ஒரு தளத்தில் ‘அலவ்’ கொடுத்திருப்பீர்கள். குரோமின் சைட் செட்டிங்ஸில் நோட்டிஃபிகேஷன் அனுமதியை எடுத்துவிட்டால் வைரஸும் போய்விடும். விளம்பரம் இல்லாத கேம் என்று சொல்லி வெளியில் சுற்றும் ‘மாட் ஏபிகே’ கோப்புகளை மட்டும் தொடாதீர்கள். யார் திறந்து எதை உள்ளே வைத்துத் தைத்தார்கள் என்று யாருக்கும் தெரியாது. அதே போனில்தான் உங்கள் ஜிபே இருக்கிறது.

எத்தனை விளம்பரம் என்பதைவிட எந்த விளம்பரம் என்பதுதான் எனக்குப் பெரிய கவலை. பணம் வைத்து ஆடும் ரம்மி விளம்பரங்கள் பல வருடங்கள் தமிழ்நாட்டில் கேமுக்கு கேம் வந்துகொண்டிருந்தன. அந்தக் கதையின் வேர் கிண்டியில் இருக்கிறது. தமிழக அரசு 1974-இல் குதிரைப் பந்தயத்தை ஒழிக்கச் சட்டம் இயற்றியது. 1986-இல் கிண்டி பந்தயத்தை நடத்திய மெட்ராஸ் ரேஸ் கிளப்பையே எடுத்துக்கொள்ள இன்னொரு சட்டம். வழக்கு உச்ச நீதிமன்றம் போனது. குதிரைப் பந்தயம் திறமை சார்ந்தது, சூதாட்டம் அல்ல என்று 1996 ஜனவரியில் தீர்ப்பு வந்தது. பின்னாளில் ஆன்லைன் ரம்மி நிறுவனங்கள் நீதிமன்றத்தில் பிடித்துக்கொண்ட தீர்ப்புகளில் இதுவும் ஒன்று. 2022-இல் சட்டமன்றம் நிறைவேற்றிய ஆன்லைன் சூதாட்டத் தடை மசோதா, கிண்டியிலேயே உள்ள ஆளுநர் மாளிகையில் மாதக்கணக்கில் இருந்து, திரும்பி வந்து, மறுபடி நிறைவேறி, 2023 ஏப்ரலில்தான் ஒப்புதல் பெற்றது. அதே ஆண்டு நவம்பரில் உயர் நீதிமன்றம், அந்தத் தடை ரம்மிக்கும் போக்கருக்கும் பொருந்தாது என்றது. கடைசியில் 2025 ஆகஸ்ட் 22 அன்று குடியரசுத் தலைவர் ஒப்புதல் பெற்ற மத்தியச் சட்டம், பணம் கட்டி ஆடும் ஆன்லைன் கேம்களோடு அவற்றின் விளம்பரத்தையும் தடை செய்தது. விளம்பரம் செய்தால் 2 ஆண்டு வரை சிறை, 50 லட்சம் ரூபாய் வரை அபராதம். இனி அப்படி ஒன்று திரையில் வந்தால் அது சட்டத்துக்குப் புறம்பானது. அதில் பணத்தை இழந்திருந்தால் உடனே 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணை அழையுங்கள்.

பிள்ளைகள் விஷயத்தில் 2023-ஆம் ஆண்டின் மின்னணுத் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டமும் துணைக்கு வருகிறது. 18 வயதுக்குட்பட்டவர்களின் நடத்தையைப் பின்தொடர்வதையும், அவர்களைக் குறிவைத்து விளம்பரம் காட்டுவதையும் அது தடுக்கிறது. விதிகள் 2025 நவம்பரில் அறிவிக்கப்பட்டன. நிறுவனங்கள் முழுமையாக மாறிக்கொள்ள 18 மாத அவகாசம் கொடுத்திருக்கிறார்கள். அதுவரை நாமே செய்யக்கூடியது, ஆண்ட்ராய்டு செட்டிங்ஸில் பிரைவசி, பிறகு விளம்பரங்கள் என்று போய் விளம்பர ஐடியை நீக்குவது. ஐபோனில், 2021-இல் வந்த ஐஓஎஸ் 14.5 முதல், பின்தொடரலாமா என்று ஆப் கேட்டே ஆக வேண்டும், மறுத்துவிடுங்கள். விளம்பரத்தின் எண்ணிக்கை இதனால் குறையாது. நேற்று நீங்கள் தேடியதை வைத்து இன்று துரத்துவது குறையும்.

விளம்பரத்தை முழுக்க மறித்துவிட்டு, கேமை மட்டும் இலவசமாக வைத்துக்கொள்வது நியாயமா என்ற கேள்விக்கும் பதில் சொல்ல வேண்டும். எழுதியவரும் சாப்பிட வேண்டும். பல கேம்களில் ஒருமுறை சிறு தொகை கட்டினால் விளம்பரம் அகன்றுவிடும். கூகுளின் பிளே பாஸ் 2022-இல் இந்தியாவுக்கு வந்தபோது மாதம் 99 ரூபாய். அதில் உள்ள கேம்களில் விளம்பரம் இல்லை. நெட்ஃபிளிக்ஸ் சந்தா உள்ளவர்களுக்கு அதன் கேம்கள் விளம்பரம் இல்லாமலே கிடைக்கும். செஸ் ஆடும் பிள்ளைகள் நிறைந்த இந்த ஊருக்கு லிசெஸ் என்ற ஆப்பை அவசியம் சொல்ல வேண்டும். நன்கொடையில் மட்டுமே நடக்கும் அதில் விளம்பரமும் கிடையாது, கட்டணமும் கிடையாது.

புதிதாக ஒரு கேமை இறக்கும் முன் பிளே ஸ்டோரில் அதன் பெயருக்குக் கீழே ‘விளம்பரங்கள் உள்ளன’ என்று எழுதியிருக்கிறதா என்று பாருங்கள். உங்கள் போனை வாங்கி விளையாடும் குழந்தை வீட்டில் இருந்தால், இன்று இரவே விளம்பர ஐடியை நீக்கிவிட்டு, பிரைவேட் டிஎன்எஸ்ஸையும் மாற்றிவிடுங்கள். மாதக்கணக்கில் ரசித்து ஆடும் கேம் ஏதாவது இருந்தால், அதன் விளம்பரத்தை நீக்கக் கேட்கும் தொகையைக் கட்டிவிடுங்கள்.