பழைய வேனுக்கு மாற்று ரிம்: ஆறு பொருத்தங்கள்

ஆடி மாதத்து வெள்ளிக்கிழமைகளில் படவேடு ரேணுகாம்பாள் கோயிலுக்கு வரும் வண்டிகளில் பழைய வேன்களும் இருக்கும். அதே வேன்கள் மற்ற நாட்களில் ஆரணிக்குப் பட்டுச் சேலைகளை ஏற்றிச் செல்லும். சந்தைக்கு வாழைத்தார் ஏற்றிச் செல்லும். இவற்றுள் பலருக்கும் பழக்கமானது மாருதி ஆம்னி. 1984ஆம் ஆண்டு 'மாருதி வேன்' என்ற பெயரில் வெளிவந்து, 1988இல் 'ஆம்னி' ஆகி, 2019ஆம் ஆண்டில் உற்பத்தி நின்ற வண்டி அது. உற்பத்தி நின்றாலும் ஓட்டம் நிற்கவில்லை. ஆகவே, பள்ளத்தில் விழுந்து ரிம் நெளிந்துவிட்டால் வண்டிக்காரர் பழைய இரும்புக் கடைக்கோ, வேறு வண்டியிலிருந்து கழற்றிய ரிம்முக்கோ போக நேரிடுகிறது. "நாலு துளை இருக்கிறது, மாட்டிப் பார்க்கலாம்" என்று சொல்வோரும் உண்டு.

மாட்டுவது எளிது. மாட்டிய சக்கரம் எட்டுப் பேரைச் சுமந்து மலைச்சரிவில் இறங்கும்போது கழலாமல் இருக்க வேண்டும் என்பதே கேள்வி. தறியில் பாவு இழைகளைப் பிரித்து நிறுத்தும் அச்சு, பாவின் இழைக் கணக்குக்கு ஒத்திருக்க வேண்டும். ஒத்திராவிட்டால் சேலை கெடும். ரிம் ஒத்திராவிட்டால் உயிருக்கே ஆபத்து. திருமணத்துக்குப் பத்துப் பொருத்தம் பார்க்கிற நாம், ரிம்முக்கு ஆறு பொருத்தமாவது பார்க்க வேண்டும். அவற்றின் பின்னால் உள்ள இயற்பியல் பள்ளி மாணவர்களுக்கும் எட்டக்கூடியதே.

முதற் பொருத்தம்: விட்டமும் அகலமும்

ரிம்மின் விட்டம் என்பது அதன் வெளி ஓரத்திலிருந்து ஓரம் வரை அளப்பதன்று. டயரின் கம்பி விளிம்பு எந்த இடத்தில் அமர்கிறதோ, அந்த இடத்தின் விட்டமே கணக்கு. அகலமும் அப்படியே: டயர் விளிம்புகள் அமரும் இரு ஓரங்களுக்கு இடையே உள்ள உள் அளவு. ரிம்மில் '12 × 4.00 பி' என்பது போன்ற குறி பொறித்திருந்தால், விட்டம் 12 அங்குலம், அகலம் 4 அங்குலம், ஓர மடிப்பின் வடிவம் 'பி' வகை என்று பொருள். 'ஜே' வகை மடிப்பு 'பி' வகையைவிடச் சற்று உயரமானது.

அரை அங்குல வேறுபாடுதானே என்று இதில் அலட்சியம் கூடாது. அமெரிக்காவில் ஒரு காலத்தில் 16 அங்குல ரிம்மும் 16.5 அங்குல ரிம்மும் சேர்ந்தே புழங்கின. 16 அங்குல டயரை 16.5 அங்குல ரிம்மில் ஏற்றிக் காற்றடித்தபோது டயர் வெடித்து, பக்கத்தில் நின்றவர்கள் உயிரிழந்திருக்கிறார்கள்.

பெரிய ரிம்மும் பெரிய டயரும் சேர்த்துப் போட்டால் என்ன ஆகும்? ஆம்னியின் டயர் '145 ஆர் 12'. இதன் பக்கச்சுவரின் உயரம் அகலத்தில் ஏறத்தாழ 82 விழுக்காடு, அதாவது 119 மி.மீ. இருபக்கமும் சேர்த்து 238. ரிம் விட்டம் 305. ஆக மொத்த விட்டம் ஏறக்குறைய 543 மி.மீ. இதற்குப் பதில் 13 அங்குல ரிம்மில் '155/80 ஆர் 13' டயர் போட்டால் மொத்த விட்டம் 578 மி.மீ. ஆகிறது. சக்கரம் ஒரு சுற்றுக்கு 6.5 விழுக்காடு கூடுதல் தூரம் ஓடும். வேகமானி 60 காட்டும்போது வண்டி உண்மையில் 64 கி.மீ. வேகத்தில் போகும். எஞ்சினின் முறுக்கு விசை அதே அளவுதான். ஆரம் கூடியதால் தரையைத் தள்ளும் விசை ஏறத்தாழ 6 விழுக்காடு குறையும். ஜவ்வாது மலைப் பாதையில் பாரத்தோடு ஏறும்போது இந்தக் குறைவு நன்றாகவே தெரியும். வளைவில் திருப்பும்போது டயர் உடலில் உராயவும் கூடும்.

இரண்டாம் பொருத்தம்: துளை வட்டம்

ரிம்மின் நட்டுத் துளைகளின் மையங்கள் எல்லாம் ஒரு வட்டத்தின்மேல் அமைந்திருக்கும். அந்த வட்டத்தின் விட்டத்தைப் பட்டறைகளில் 'பி.சி.டி.' என்பார்கள். ஆம்னியில் இது நான்கு துளை, 114.3 மி.மீ. இந்த விசித்திரமான எண்ணைக் கண்டு வியக்க வேண்டாம். 4.5 அங்குலத்தை 25.4ஆல் பெருக்கிப் பாருங்கள், 114.3 கிடைக்கும்.

நான்கு துளை ரிம்மில் இதை அளப்பது எளிது. எதிரெதிர்த் துளைகளின் மையத்திலிருந்து மையம் வரை அளந்தால் போதும். நடுவில் ஹப் இருந்து அளக்க முடியாவிட்டால், பக்கத்துப் பக்கத்துத் துளைகளின் மைய இடைவெளியை அளந்து 0.707ஆல் வகுக்கவும். 80.8 மி.மீ. வந்தால் விட்டம் 114.3, 70.7 வந்தால் விட்டம் 100. ஐந்து துளை ரிம்மில் நேர் எதிரே துளை கிடையாது. அங்கே பக்கத்துத் துளைகளின் இடைவெளியை 0.588ஆல் வகுக்க வேண்டும். 0.707 என்பது 45 பாகையின் சைன் மதிப்பு, 0.588 என்பது 36 பாகையின் சைன் மதிப்பு. வட்டத்தைத் துளைகளின் எண்ணிக்கையால் பிரித்து, அக்கோணத்தில் பாதியை எடுத்தால் இவை வரும். திரிகோணவியலால் என்ன பயன் என்று கேட்கும் மாணவருக்கு இது நல்ல விடை.

114.3க்கும் 100க்கும் உள்ள வேறுபாடு பெரிது. ரிம் ஹப்பில் ஏறவே ஏறாது. ஆபத்து எங்கே என்றால், 98க்கும் 100க்கும் இடையில்தான். ஃபியட் வழி வந்த கார்களில் 98 மி.மீ. உண்டு, வேறு பல சிறு கார்களில் 100 மி.மீ. உண்டு. துளைகளின் தளர்ச்சியால் ஒன்று மற்றொன்றில் ஏறிவிடும். ஆனால் ஒவ்வொரு போல்ட்டும் தன் துளையின் மையத்திலிருந்து 1 மி.மீ. விலகி நிற்கும். நட்டை முறுக்கும்போது அது ஒரு பக்கம் மட்டுமே பட்டு, போல்ட்டை வளைக்கும். கைக்கு இறுக்கமாகத் தெரியும். உள்ளே இறுக்கம் இராது.

மூன்றாம் பொருத்தம்: நடுத்துளை

ரிம்மின் நடுவிலுள்ள பெரிய துளை ஹப்பின் முகட்டில் ஏறி அமர வேண்டும். சிறியதாக இருந்தால் ரிம் ஹப்போடு சேராது; சேராத ரிம்மை நட்டால் இழுத்து ஒட்ட வைக்க முயலக் கூடாது. பெரியதாக இருந்தால் சக்கரத்தை மையப்படுத்தும் வேலை முழுவதும் நட்டுகளின் தலையில் விழும். சற்றே மையம் விலகினாலும் வேகத்தில் ஸ்டியரிங் அதிரும். அலாய் ரிம் போடுவோர் இவ்விடைவெளிக்குச் சரியான அளவு வளையம் வைத்துக்கொள்வது நலம்.

நான்காம் பொருத்தம்: ஆஃப்செட்

பலரும் பார்க்காமல் விடுவது இதைத்தான். ரிம்மின் அகலத்துக்கு நட்ட நடுவே ஒரு தளத்தைக் கற்பனை செய்யுங்கள். ரிம் ஹப்பைத் தொடும் முகம், அந்தத் தளத்திலிருந்து எவ்வளவு விலகி இருக்கிறதோ அதுவே ஆஃப்செட். அளப்பதற்கு ஒரு நேரான சட்டமும் ஓர் அளவுகோலும் போதும். ரிம்மைக் கவிழ்த்துப் போட்டு, பின்புற ஓரத்தின்மேல் சட்டத்தை வைத்து, அதிலிருந்து ஹப் முகம் வரை ஆழத்தை அளக்கவும். ரிம்மின் முழு வெளி அகலத்தில் பாதியை அதிலிருந்து கழித்தால் ஆஃப்செட் கிடைக்கும். உதாரணமாக, ஆழம் 103 மி.மீ., வெளி அகலம் 126 மி.மீ. என்றால், 103 – 63 = 40 மி.மீ.

இப்போது ஆஃப்செட் 20 மி.மீ. மட்டுமே உள்ள வேறொரு ரிம்மைப் போட்டதாகக் கொள்வோம். சக்கரம் 20 மி.மீ. வெளியே தள்ளி நிற்கும். பார்ப்பதற்கு அழகாக இருக்கிறது என்பார்கள். பேரிங்குகளைக் கேட்டால் வேறு கதை சொல்லும். ஆட்களும் சரக்கும் ஏறியபின் வண்டியின் எடை 1300 கிலோ என்று வைத்துக்கொள்வோம். சக்கரம் ஒன்றுக்கு 325 கிலோ, அதாவது ஏறத்தாழ 3200 நியூட்டன். ஹப்பின் உள்ளே 50 மி.மீ. இடைவெளியில் இரு பேரிங்குகள் இருப்பதாகவும், சுமை சரியாக அவற்றின் நடுவே விழுவதாகவும் எளிமைக்காகக் கொண்டால், ஒவ்வொன்றும் 1600 நியூட்டன் தாங்கும். சுமைக்கோடு 20 மி.மீ. வெளியே நகர்ந்தால், நெம்புகோல் விதிப்படி வெளிப் பேரிங் 2880 நியூட்டனும், உள் பேரிங் 320 நியூட்டனும் தாங்கும். வெளிப் பேரிங்கின் சுமை 1.8 மடங்காகிவிட்டது. குண்டு பேரிங்கின் ஆயுள் சுமையின் மும்மடிக்கு எதிர் விகிதத்தில் அமையும், 1.8இன் மும்மடி 5.8. ஆகவே ஆறு ஆண்டு உழைக்க வேண்டிய பேரிங் ஓராண்டில் தேய்ந்துவிடும்.

மாறாக, ஆஃப்செட் கூடிவிட்டால் சக்கரம் உள்ளே போகும். ஆம்னியின் பின்புறம் பட்டை வில்லிலும், முன்புறம் அதிர்வுதாங்கித் தண்டிலும் டயர் உராயலாம். காலி வண்டியில் உராயாத டயர், சுமை ஏறி வில் அமுங்கியதும் உராயும்.

ஐந்தாம் பொருத்தம்: நட்டும் அதன் இருக்கையும்

வண்டியின் பாரத்தைப் போல்ட்டுகள்தாம் சுமக்கின்றன என்று நாம் நினைக்கிறோம். உண்மையில் அப்பாரத்தைச் சுமப்பது ரிம்முக்கும் ஹப்புக்கும் இடையே உள்ள உராய்வு. போல்ட்டின் வேலை இரண்டையும் இறுக்கிப் பிடிப்பதே.

ஒரு கணக்குப் போடுவோம். 12 மி.மீ. போல்ட்டில் நட்டை 60 நியூட்டன் மீட்டர் முறுக்கினால், போல்ட்டில் ஏறக்குறைய 25,000 நியூட்டன் இழுவிசை உண்டாகும். நான்கு போல்ட்டுக்கு 1,00,000 நியூட்டன். உராய்வுக் குணகம் 0.15 என்றால், உராய்வு தரக்கூடியது 15,000 நியூட்டன். இனி பிரேக்கை அழுத்துவோம். டயர் தரையைப் பற்றும் விசை சக்கரப் பாரத்தில் 80 விழுக்காடு வரை, அதாவது 2560 நியூட்டன், போகலாம். டயரின் ஆரம் 27 செ.மீ.; துளை வட்டத்தின் ஆரம் 5.7 செ.மீ. மட்டுமே. ஆகவே துளை வட்டத்தில் தேவைப்படும் விசை கிட்டத்தட்ட 12,100 நியூட்டன். கையிருப்பு 15,000, தேவை 12,100. ஒரே ஒரு நட்டுத் தளர்ந்தாலும் கையிருப்பு 11,250 ஆகிவிடும். உராய்வு தோற்று, ரிம் நகரத் தொடங்கும். போல்ட்டுகள் மாறி மாறி வளைந்து களைத்து ஒடியும். மூன்று நட்டில் ஓடும் வண்டியைக் கண்டால் இந்தக் கணக்கை நினைவுகொள்க.

ஆகவே நட்டின் முகமும் ரிம்மின் குழியும் ஒரே வடிவில் இருக்க வேண்டும். கூம்பு வடிவ நட்டு, கோள வடிவ நட்டு, தட்டை நட்டு என மூவகை உண்டு. கூம்பு நட்டைக் கோளக் குழியில் முறுக்கினால் மெல்லிய ஒரு வளையக் கோட்டில் மட்டுமே தொடும். ஓடும்போது அந்தக் கோடு தேய்ந்து இறுக்கம் போய்விடும். அலாய் ரிம்மின் நடுப்பகுதி தடிமனானது. பழைய நட்டு போதிய சுற்று பிடிக்கிறதா என்று எண்ணிப் பாருங்கள். குறைந்தது போல்ட்டின் விட்டம் அளவுக்காவது மரை பிடிக்க வேண்டும். ஹப் முகத்தில் துருவோ, புதிதாக அடித்த தடித்த பெயின்டோ இருந்தாலும் இறுக்கம் நாளடைவில் குறையும். தேய்த்துச் சுத்தம் செய்த பிறகே ரிம்மை ஏற்ற வேண்டும்.

ஆறாம் பொருத்தம்: பலமும் ஆரோக்கியமும்

அளவெல்லாம் ஒத்திருந்தும் ரிம் பாரம் தாங்காததாக இருக்கலாம். கார் ரிம்முக்கும் சரக்கு வேன் ரிம்முக்கும் தகட்டின் தடிமனில் வேறுபாடு உண்டு. அலாய் ரிம்மில் அது தாங்கும் உச்ச எடை பெரும்பாலும் பின்புறம் பொறிக்கப்பட்டிருக்கும். நம் வண்டியின் அதிகச் சுமையுள்ள அச்சின் பாரத்தில் பாதிக்கு அது குறையக் கூடாது. தொழிற்சாலைகளில் புதிய ரிம் வகைகளைச் சுழற்றி வளைத்தும், உருளையின்மேல் பாரம் ஏற்றி ஓட்டியும், பல லட்சம் சுற்றுகள் களைப்புச் சோதனை செய்கிறார்கள். ஐ.எஸ்.ஐ. முத்திரை இருக்கிறதா என்று பார்த்து வாங்குவது இதற்காகவே.

பழைய ரிம்முக்கு நாமே செய்யக்கூடிய சோதனை ஒன்று உண்டு. ரிம்மை நன்றாகத் துலக்கி, துளைகளைச் சுற்றியும் வெல்டு ஓரங்களிலும் மண்ணெண்ணெய் தடவிச் சிறிது நேரம் விடுங்கள். பிறகு துடைத்து உலர்த்தி, சுண்ணக்கட்டித் தூளை மெல்லியதாகத் தூவுங்கள். கண்ணுக்குத் தெரியாத வெடிப்பு இருந்தால், அதனுள் புகுந்த எண்ணெய் நுண்குழாய் விசையால் வெளியே கசிந்து, தூளில் கருங்கோடாகத் தெரியும். ரயில் அச்சுகளை நெடுங்காலம் இந்த முறையில்தான் சோதித்தார்கள். கோடு தெரிந்த ரிம்மை வெல்டு வைத்து ஓட்ட எண்ணாதீர்கள். வெல்டு வைத்த இடத்தின் பக்கத்திலேயே உலோகத்தின் தன்மை மாறி, அடுத்த வெடிப்பு அங்கே தொடங்கும். வெடிப்பில்லாத ரிம்மை ஹப்பில் மாட்டிச் சுழற்றி, ஓரத்துக்கு அருகே ஒரு குச்சியை அசையாமல் பிடித்தால் நெளிவு இருப்பதும் புலப்படும்.

மாட்டும் முறை

ஆறும் ஒத்துவந்த ரிம்மைக் கையால் முறுக்கி அமர்த்தி, பிறகு எதிரெதிர் நட்டுகளாகச் சிறிது சிறிதாக இறுக்க வேண்டும். வரிசையாக இறுக்கினால் ரிம் ஒரு பக்கம் சாய்ந்தபடியே பிடித்துக்கொள்ளும். ஸ்பானரின் மேல் ஏறி நின்று மிதிப்பதும் தவறு; 60 கிலோ ஆள் 40 செ.மீ. நீளக் கைப்பிடியில் நின்றால் முறுக்கு 235 நியூட்டன் மீட்டர். நாம் கணக்கில் கொண்டதைப் போல் ஏறத்தாழ நான்கு மடங்கு. போல்ட் நீண்டு மரை கெடும். உங்கள் வண்டிக் கையேட்டில் உள்ள அளவையே பின்பற்றுங்கள்.

ஒரே அச்சின் இரு பக்கத்துக்கும் ஒரே வகை ரிம் இருக்கட்டும்; ஸ்டெப்னியையும் இதே ஆறு பொருத்தத்தில் சோதித்து வையுங்கள். புதிய ரிம் மாட்டி 50 முதல் 100 கி.மீ. ஓடியதும் நட்டுகளை மறுபடி ஒருமுறை இறுக்கிப் பார்க்க வேண்டும். தொடும் முகங்கள் நன்றாக அமர்ந்து, முதல் இறுக்கத்தில் ஒரு பகுதி அதற்குள் குறைந்திருக்கும்.