வெட்டும் ஒட்டும் – 7: பீம்சிங் வீட்டுப் பிள்ளை

எகிப்தின் சலாஹ் அபு செய்ஃப் பற்றிப் போன வாரம் பார்த்தோம். கெய்ரோ ‘ஸ்டூடியோ மிஸ்ர்’ எடிட்டிங் பிரிவில் ஆண்டுக்கணக்கில் உழைத்து, அந்தப் பிரிவுக்கே தலைவராகி, 1946-இல்தான் தன் முதல் முழுநீளப் படத்தை இயக்கியவர். நாவலாசிரியர் நகீப் மஹ்ஃபூஸைத் திரைக்கதை எழுத வைத்தவரும் அவரே. அதைப் படித்த குன்றத்தூர்த் தம்பி ஒருவன், “அண்ணே, நம்ம பக்கம் அப்படி எடிட்டரா இருந்து டைரக்டர் ஆனவங்க யாருண்ணே?” என்று கேட்டான். ஒரகடத்தில் கார் உதிரிபாகத் தொழிற்சாலையில் ஷிப்ட் வேலை அவனுக்கு. அறைக்கு வந்ததும் போனிலேயே குறும்படம் வெட்டி ஒட்டுகிறவன்.

அவனுக்கு நான் சொன்ன பெயர் பி. லெனின்.

குன்றத்தூரிலிருந்து போரூர் வந்து ஆற்காடு சாலையைப் பிடித்தால் வடபழனி. அந்த வட்டாரத்து ஸ்டூடியோக்களில் எடிட்டிங் அறையிலிருந்து இயக்குநர் நாற்காலிக்குப் போன பாதை மிகப் பழையது. ‘பராசக்தி’யை (1952) இயக்கிய கிருஷ்ணன்–பஞ்சு இரட்டையரில் பஞ்சு ஒரு எடிட்டர். அவர்களிடம் எடிட்டிங் உதவியாளராகச் சேர்ந்தவர் ஏ. பீம்சிங். கிருஷ்ணனின் தங்கையை மணந்து, 1954-இல் ‘அம்மையப்பன்’ படத்தின் மூலம் இயக்குநரானார். ‘பாகப்பிரிவினை’, ‘பாவமன்னிப்பு’, ‘பாசமலர்’ என்று ‘பா’ வரிசைப் படங்களால் தமிழ்க் குடும்பங்களை அழவைத்த அதே பீம்சிங்தான். அவருடைய மகன் லெனின். இன்னொரு மகன் பி. கண்ணன், பாரதிராஜாவின் ஒளிப்பதிவாளர். தாய்மாமனும் அப்பாவும் இயக்குநர்கள், தம்பி கேமராவில். லெனின் உட்கார்ந்த இடம் எடிட்டிங் மேசை.

அந்த மேசையைப் பற்றி இன்றைய பிள்ளைகளுக்குக் கொஞ்சம் சொல்ல வேண்டும். 35 எம்எம் பிலிமில் ஓர் அடிக்கு 16 பிரேம். ஒரு நிமிடப் படத்துக்கு 90 அடி. ஆயிரம் அடி ரீல் பதினோரு நிமிடம் ஓடும். மூவியோலா என்ற எடிட்டிங் இயந்திரத்தில் ரஷ் பிரிண்டை ஓட்டிப் பார்த்து, வெட்ட வேண்டிய பிரேமில் கிரீஸ் பென்சிலால் குறி போட்டு, பிலிமையே கையால் வெட்டி, அடுத்த ஷாட்டோடு ஒட்ட வேண்டும். கழித்த துண்டுகள் கொக்கியில் தொங்கும். நாலு பிரேம் கூடுதலாக வெட்டிவிட்டால் அந்தச் சின்னத் துண்டைத் தேடிப் பிடித்து மறுபடி ஒட்டியாக வேண்டும். அதனால், வெட்டுவதற்கு முன்பே மனசுக்குள் படம் ஓடி முடிந்திருக்கும். அந்தப் பழக்கம் எடிட்டரை இயக்குநராக்குகிறது என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

மகேந்திரனின் ‘உதிரிப்பூக்கள்’ (1979) படத்தின் எடிட்டர் லெனின். அதன் கடைசிக் கட்டத்தைப் பாருங்கள். ஊரே திரண்டு, கதையின் கெட்டவனான சுந்தரவடிவேலுவை ஆற்றில் இறங்கச் சொல்கிறது. இந்தப் பக்கம் அவனுடைய இரண்டு குழந்தைகள். ஊர், ஆறு, குழந்தைகள் – இந்த மூன்றுக்கும் நடுவேதான் காட்சி நகர்கிறது. யாரையும் குறைசொல்லும் அவசரம் அந்த வெட்டுகளில் இல்லை. கெட்டவன் சாகிறான் என்ற நிம்மதி நமக்கு வர விடாமல் செய்வது குழந்தைகளின் முகம்தான். தமிழ் சினிமாவில் இதைவிடக் கட்டுப்பாடான முடிவு எனக்குத் தெரிந்து இல்லை.

இதற்குப் பிறகு வி.டி. விஜயனோடு சேர்ந்து மணிரத்னத்தின் ‘மௌன ராகம்’, ‘நாயகன்’, ‘அஞ்சலி’, ஷங்கரின் ‘ஜென்டில்மேன்’, ‘காதலன்’, ‘இந்தியன்’ என்று பெரிய படங்களின் வரிசை. ‘காதலன்’ படத்துக்காக இருவருக்கும் சிறந்த படத்தொகுப்புக்கான தேசிய விருது கிடைத்தது. இடையில் சில வணிகப் படங்களையும் இயக்கினார். ஜெயலலிதா கடைசியாக நடித்த படங்களில் ஒன்றான ‘நதியைத் தேடி வந்த கடல்’ (1980) அவர் இயக்கியதுதான். அந்தப் படங்களில் லெனினுடைய முழு பலம் வெளிப்படவில்லை என்பது என் எண்ணம்.

அது வெளிப்பட்டது சின்ன பட்ஜெட்டில். 1992-இல் ‘நாக் அவுட்’. யாரும் திரும்பிப் பார்க்காமல் போன ஒரு குத்துச்சண்டை வீரனைப் பற்றிய குறும்படம். தேசிய விருது பெற்றது. பிறகு ஜெயகாந்தனின் ‘ஊருக்கு நூறு பேர்’. ஜெயகாந்தனின் ‘சில நேரங்களில் சில மனிதர்கள்’ கதையை அப்பா பீம்சிங் 1977-இல் படமாக்கியிருந்தார். கால் நூற்றாண்டு கழித்து மகனும் அதே எழுத்தாளரிடம் போய் நின்றார். 2001-ஆம் ஆண்டுக்கான தேசிய விருதுகளில் சிறந்த இயக்குநர் விருது அந்தப் படத்துக்காக லெனினுக்குக் கிடைத்தது. கோடிகள் புரண்ட ‘இந்தியன்’, ‘முதல்வன்’ படங்களை வெட்டி ஒட்டிய அதே கை, தனக்கென்று எடுத்துக்கொண்டது ஜெயகாந்தன் கதையை. பிழைப்புக்கு எடிட்டிங், மனசுக்கு இயக்கம் என்று இரண்டையும் கலக்காமல் வைத்திருந்த அந்தத் திடம் எனக்குப் பெரிய விஷயமாகப் படுகிறது.

கேள்வி கேட்ட தம்பியின் குன்றத்தூர், சேக்கிழார் பிறந்த மண். அவரும் ஒருவகையில் எடிட்டர்தான். சுந்தரர் அடியார்களைப் பெயர் பெயராகப் பாடி வைத்ததை, நம்பியாண்டார் நம்பி சற்று விரித்ததை எடுத்துக்கொண்டு, சுந்தரர் கயிலையிலிருந்து வருவதில் தொடங்கி அவர் கயிலைக்குத் திரும்புவதில் முடித்து, நடுவே மற்ற அடியார்களின் கதைகளையெல்லாம் கோத்தவர் அவர். எதை எங்கே வைப்பது என்ற கேள்வி இந்த ஊருக்குப் புதிதில்லை.

நம் திரைப்படச் சங்கங்களுக்கு ஒரு வேண்டுகோள். ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம் பக்கம் வாடகை அறைகளில் போனை வைத்துக்கொண்டு படம் கற்கும் பிள்ளைகள் நிறைய. கல்யாண மண்டபமோ பள்ளிக்கூடக் கட்டடமோ பிடித்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை ‘நாக் அவுட்’, ‘ஊருக்கு நூறு பேர்’ இரண்டையும் இவர்களுக்குத் திரையிட்டுக் காட்டுங்கள்.

(தொடரும்)