திருப்பி அனுப்பலாம், தடுக்க முடியாது: மசோதாக்களும் குடியரசுத் தலைவரின் ஒப்புதலும்

புது தில்லி: நாடாளுமன்றத்தின் இரு அவைகளும் நிறைவேற்றி அனுப்பிய மசோதா ஒன்று, 2006 மே 30-ஆம் தேதி குடியரசுத் தலைவர் மாளிகையிலிருந்து கையெழுத்தின்றித் திரும்பி வந்தது. ஆதாயம் தரும் பதவிகளை வகிக்கும் உறுப்பினர்கள் தகுதி இழப்பதைத் தடுக்கும் நோக்கில், 56 பதவிகளுக்கு முன்தேதியிட்டு விலக்கு அளித்த மசோதா அது. அந்த ஆண்டு மார்ச்சில்தான் ஜெயா பச்சன் மாநிலங்களவை உறுப்பினர் பதவியை இழந்திருந்தார். தேசிய ஆலோசனைக் குழுத் தலைவராக இருந்த சோனியா காந்தி, மக்களவை உறுப்பினர் பதவியிலிருந்து விலகியிருந்தார்.

எந்தப் பதவிக்கு விலக்கு, எதற்கு இல்லை என்பதை முடிவு செய்ய நியாயமான, எல்லா மாநிலங்களுக்கும் பொருந்தக்கூடிய அளவுகோல் வேண்டும் என்பதே அன்றைய குடியரசுத் தலைவர் அப்துல் கலாமின் கருத்து. இரு அவைகளும் மழைக்காலக் கூட்டத்தொடரில் மசோதாவை ஓர் எழுத்தும் மாற்றாமல் மீண்டும் நிறைவேற்றின. ஆதாயம் தரும் பதவி எது என்பதை ஆராயக் கூட்டுக் குழு ஒன்று அமைக்கப்பட்டது. ஆகஸ்ட் 18-ஆம் தேதி கலாம் ஒப்புதல் அளித்தார். குடியரசுத் தலைவருக்கும் நாடாளுமன்றத்துக்கும் இடையே அரசியல் சட்டம் வகுத்துள்ள சமநிலை எத்தகையது என்பதற்கு, அந்த எண்பது நாள் நிகழ்ச்சிகளைவிடத் தெளிவான உதாரணம் கிடைப்பது அரிது.

நாடாளுமன்றத்தின் அங்கம்

குடியரசுத் தலைவர் நாடாளுமன்றத்துக்கு வெளியே நிற்பவர் என்ற எண்ணம் பரவலாக உள்ளது. அரசியல் சட்டத்தின் 79-வது பிரிவோ, குடியரசுத் தலைவரும் இரு அவைகளும் சேர்ந்ததே நாடாளுமன்றம் என்கிறது. அவரது கையெழுத்து இல்லாமல் எந்த மசோதாவும் சட்டமாகாது.

111-வது பிரிவு அவருக்கு மூன்று வழிகளைக் காட்டுகிறது. ஒப்புதல் அளிக்கலாம், ஒப்புதலை நிறுத்தி வைக்கலாம், பண மசோதாவாக இல்லாதபட்சத்தில், மறுபரிசீலனைக்குத் திருப்பி அனுப்பலாம். திருப்பி அனுப்பிய மசோதாவை அவைகள் திருத்தத்துடனோ திருத்தமின்றியோ மீண்டும் நிறைவேற்றிவிட்டால், அவர் ஒப்புதலை மறுக்க இயலாது. கடைசிச் சொல் மக்கள் பிரதிநிதிகளுடையது.

இந்த ஏற்பாட்டின் அடிப்படையை அரசியல் நிர்ணய சபையில் 1948 நவம்பர் 4-ஆம் தேதி அம்பேத்கர் விளக்கினார். இங்கிலாந்து மன்னருக்கு இணையான இடமே இந்தியக் குடியரசுத் தலைவருக்கு உரியது. அவர் நாட்டின் தலைவர், ஆனால் நிர்வாகத்தின் தலைவர் அல்லர் என்பது அவர் தந்த விளக்கம்.

முதல் சோதனை

அந்த விளக்கம் வெகு விரைவிலேயே சோதனைக்கு உள்ளானது. இந்து சட்டத் தொகுப்பு மசோதா விவாதத்தில் இருந்த 1951 செப்டம்பரில், மசோதா தம்மிடம் வரும்போது தம் சொந்த முடிவின்படி செயல்பட விரும்புவதாகக் குடியரசுத் தலைவர் ராஜேந்திர பிரசாத் பிரதமர் நேருவுக்குக் கடிதம் எழுதினார். நேரு, அட்டர்னி ஜெனரல் எம்.சி. செதல்வாட்டிடமும் அரசியல் சட்ட வரைவுக் குழுவில் இடம்பெற்றிருந்த அல்லாடி கிருஷ்ணசாமி ஐயரிடமும் கருத்துக் கேட்டார். அமைச்சரவையின் ஆலோசனைக்குக் குடியரசுத் தலைவர் கட்டுப்பட்டவர் என்று இருவரும் கூறினர். பின்னர் 1955, 1956-ஆம் ஆண்டுகளில் தனித்தனி மசோதாக்களாக வந்த இந்துத் திருமண, வாரிசுரிமைச் சட்டங்களுக்கு ராஜேந்திர பிரசாத்தே ஒப்புதல் அளித்தார். எனினும் அவரது ஐயம் தீரவில்லை. 1960 நவம்பரில் இந்திய சட்டக் கழகக் கட்டடத்துக்கு அடிக்கல் நாட்டியபோது, குடியரசுத் தலைவரின் அதிகாரங்களை ஆராய வேண்டும் என்று பகிரங்கமாகவே கேட்டுக்கொண்டார்.

1974-இல் சம்ஷேர் சிங் வழக்கில் ஏழு நீதிபதிகள் கொண்ட உச்ச நீதிமன்ற அமர்வு, அமைச்சரவையின் ஆலோசனைப்படியே குடியரசுத் தலைவர் செயல்பட வேண்டும் என்று தீர்ப்பளித்தது. 1976-இல் 42-வது திருத்தம் அதை 74-வது பிரிவிலேயே எழுதி வைத்தது. 1978-இல் வந்த 44-வது திருத்தம், ஆலோசனையை மறுபரிசீலனை செய்யுமாறு ஒருமுறை கேட்கும் உரிமையை அவருக்கு அளித்தது.

இந்தத் திருத்தத்தின் பின்னணியில் நெருக்கடி நிலையின் கசப்பு இருந்தது. 1975 ஜூன் 25-ஆம் தேதி இரவு பிரதமர் இந்திரா காந்தியின் ஆலோசனையை மட்டும் ஏற்று ஃபக்ருதீன் அலி அகமது பிரகடனத்தில் கையெழுத்திட்டார். அமைச்சரவைக்கு மறுநாள் காலையில்தான் தெரிந்தது. இனி அமைச்சரவையின் முடிவு எழுத்து மூலம் வந்தால் மட்டுமே அத்தகைய பிரகடனம் வெளியிடலாம் என்றும் 44-வது திருத்தம் விதித்தது.

மௌனமும் ஓர் ஆயுதம்

மறுபரிசீலனை கேட்கும் உரிமையை அழுத்தமாகப் பயன்படுத்தியவர் கே.ஆர். நாராயணன். 1997 அக்டோபரில் உத்தரப் பிரதேசத்தில் கல்யாண் சிங் அரசைக் கலைக்க குஜ்ரால் அமைச்சரவை பரிந்துரைத்தபோது அதைத் திருப்பி அனுப்பினார், அமைச்சரவை பின்வாங்கியது. 1998 செப்டம்பரில் பிகாரில் ராப்ரி தேவி அரசைக் கலைக்கும் வாஜ்பாய் அரசின் பரிந்துரையும் திரும்பியது. 1999 பிப்ரவரியில் அதே பரிந்துரை மீண்டும் வந்தபோது அவர் கையெழுத்திட வேண்டியதாயிற்று. ஆனால் மாநிலங்களவையில் பெரும்பான்மை இல்லாத நிலையில், மத்திய அரசே மார்ச்சில் பிரகடனத்தைத் திரும்பப் பெற்றது. குடியரசுத் தலைவரால் தடுக்க முடியாததை நாடாளுமன்றம் தடுத்தது.

இவையெல்லாம் வெளிப்படையாக நடந்தவை. காரணம் சொல்லப்பட்டது, பதில் வந்தது, முடிவு ஏற்பட்டது. சிக்கல், எதுவும் சொல்லாமல் இருக்கும்போதுதான் எழுகிறது. மசோதாவைத் திருப்பி அனுப்புவதானால் கூடிய விரைவில் அனுப்ப வேண்டும் என்று மட்டுமே 111-வது பிரிவு கூறுகிறது. இத்தனை நாள்களுக்குள் என்று வரையறை இல்லை.

இந்த இடைவெளியைக் கியானி ஜைல் சிங் பயன்படுத்திக் கொண்டார். அஞ்சல்களை இடைமறிக்கும் அதிகாரத்தை விரிவாக்கும் தபால் அலுவலகத் திருத்த மசோதா 1986-இல் இரு அவைகளிலும் நிறைவேறியது. ராஜீவ் காந்தி அரசுடன் அவருக்குப் பிணக்கு முற்றியிருந்த நேரம். அவர் ஒப்புதல் அளிக்கவும் இல்லை, திருப்பி அனுப்பவும் இல்லை. 1987 ஜூலையில் பதவிக் காலம் முடிந்து அவர் வெளியேறியபோதும் மசோதா அப்படியே கிடந்தது. அடுத்து வந்த ஆர். வெங்கட்ராமன், தேசிய முன்னணி ஆட்சிக் காலத்தில் அதைத் திருப்பி அனுப்பினார். 2002-இல் மசோதா திரும்பப் பெறப்பட்டது.

தனிமனித உரிமையைக் காத்த செயல் என்று ஜைல் சிங்கை அன்று பலர் பாராட்டினர். ஆயினும் ஒரு கேள்வி எஞ்சுகிறது. நல்ல நோக்கத்துக்காக ஒருவர் மசோதாவைக் கிடப்பில் போடலாம் என்றால், வேறு நோக்கத்துக்காக இன்னொருவரும் போடலாம் அல்லவா? தவிர, அந்தத் தடை நிரந்தரமாகவும் இல்லை. பழைய 1898-ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பதிலாக 2023 டிசம்பரில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய தபால் அலுவலகச் சட்டத்தில் அஞ்சல்களை இடைமறிக்கும் அதிகாரம் இடம்பெற்றது.

மாநிலங்களுக்கு வேறு நியதி

நாடாளுமன்ற மசோதாக்களைப் பொறுத்தவரை தாமதம் அபூர்வம். அமைச்சரவையின் ஆலோசனைப்படியே குடியரசுத் தலைவர் நடப்பதால், அந்த அமைச்சரவையே கொண்டுவந்த மசோதா தேங்குவதற்கு வழி குறைவு. மாநிலங்களின் நிலை அப்படி இல்லை.

ஆளுநர் ஒதுக்கி அனுப்பும் மாநில மசோதாக்களை 201-வது பிரிவின்கீழ் குடியரசுத் தலைவர் பரிசீலிக்கிறார். அவர் திருப்பி அனுப்பச் செய்தால், சட்டப்பேரவை 6 மாதங்களுக்குள் மறுபரிசீலனை செய்ய வேண்டும். பேரவை மீண்டும் நிறைவேற்றினாலும், அவர் ஒப்புதல் அளித்தே தீர வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. நாடாளுமன்றத்துக்குக் கிடைத்துள்ள கடைசிச் சொல் சட்டப்பேரவைக்கு இல்லை. பேரவைக்கு 6 மாதக் கெடு உண்டு. குடியரசுத் தலைவருக்குக் கெடு எதுவும் இல்லை. அவர் மத்திய அமைச்சரவையின் ஆலோசனைப்படி நடப்பவர் என்பதால், மாநில மசோதாவின் விதியை நிர்ணயிப்பது நடைமுறையில் மத்திய அரசே.

தமிழகம் இதை நேரில் அறியும். நீட் தேர்விலிருந்து விலக்கு கோரி 2017-இல் நிறைவேற்றப்பட்ட மசோதாக்களுக்கு ஒப்புதல் கிடைக்கவில்லை. 2021 செப்டம்பரில் நிறைவேற்றப்பட்ட மசோதாவை ஆளுநர் திருப்பி அனுப்ப, 2022 பிப்ரவரியில் பேரவை அதை மீண்டும் நிறைவேற்றியது. அதற்கும் ஒப்புதல் மறுக்கப்பட்டதாக 2025 ஏப்ரல் 4-ஆம் தேதி முதல்வர் மு.க. ஸ்டாலின் பேரவையில் அறிவித்தார்.

நான்கு நாள்கள் கழித்து, தமிழக அரசு தொடுத்த வேறொரு வழக்கில் நீதிபதிகள் ஜே.பி. பர்திவாலா, ஆர். மகாதேவன் அமர்வு தீர்ப்பு வழங்கியது. ஆளுநர் நிறுத்தி வைத்திருந்த 10 மசோதாக்களும் ஒப்புதல் பெற்றவையாகக் கருதப்படும் என்று அறிவித்ததுடன், ஒதுக்கி அனுப்பப்படும் மசோதாக்கள் மீது குடியரசுத் தலைவர் 3 மாதங்களில் முடிவெடுக்க வேண்டும் என்றும் அது கூறியது. இதையடுத்து, மே மாதத்தில் குடியரசுத் தலைவர் திரௌபதி முர்மு, 143-வது பிரிவின்கீழ் 14 கேள்விகளை உச்ச நீதிமன்றத்தின் முன் வைத்தார்.

தலைமை நீதிபதி பி.ஆர். கவாய் தலைமையிலான ஐந்து நீதிபதிகள் அமர்வு 2025 நவம்பர் 20-ஆம் தேதி கருத்துரைத்தது. அரசியல் சட்டத்தில் இல்லாத காலக்கெடுவை நீதிமன்றம் விதிக்க இயலாது. ஒப்புதல் கிடைத்ததாகக் கருதிக்கொள்ளும் முறைக்கும் இடமில்லை என்று கூறியது. ஆனால் ஆளுநர் காரணமின்றி நீண்ட காலம் செயல்படாமல் இருந்தால், முடிவெடுக்குமாறு பணிக்கும் அளவுக்கு நீதிமன்றம் தலையிடலாம் என்றது.

யார் நிரப்புவது?

நீதிமன்றத்தால் நிரப்ப முடியாத இடைவெளியை நிரப்பும் அதிகாரம் நாடாளுமன்றத்திடமே உள்ளது. மத்திய-மாநில உறவுகளை ஆராய்ந்த சர்க்காரியா, பூஞ்சி ஆணையங்கள் இரண்டுமே மசோதாக்கள் மீது முடிவெடுக்கக் கால வரம்பு வேண்டும் என்று பரிந்துரைத்தன. அதற்கான திருத்தத்தை எந்த மத்திய அரசும் நிறைவேற்றவில்லை. மாநிலத்தில் எதிர்க்கட்சி ஆளும்போது இந்தத் தாமதம் மத்தியில் ஆளும் கட்சிக்கு உதவுகிறது என்பதை எல்லாக் கட்சிகளும் அறியும்.

அத்தகைய திருத்தம் வந்தால் குடியரசுத் தலைவர் மாளிகையில் அது தேங்குவதற்கும் வாய்ப்பில்லை. 1971-இல் செய்யப்பட்ட 24-வது திருத்தத்தின்படி, அரசியல் சட்டத் திருத்த மசோதாவுக்குக் குடியரசுத் தலைவர் ஒப்புதல் அளித்தே ஆக வேண்டும். தேவைப்படுவது, இரு அவைகளிலும் மொத்த உறுப்பினர்களில் பெரும்பான்மையோரின் ஆதரவும், அவைக்கு வந்திருந்து வாக்களிப்போரில் மூன்றில் இரண்டு பங்கினரின் சம்மதமும் மட்டுமே.