மாதிரி எழுத்தும் உண்மை எழுத்தும்

பட்டுக்கும் அரிசிக்கும் பெயர் பெற்றது ஆரணி. கமண்டல நாகநதிக் கரையிலுள்ள இவ்வூரிலும் இதனைச் சூழ்ந்த சிற்றூர்களிலும் ஒரு வீட்டில் தறியோசை கேட்பதும், அடுத்த வீட்டின் முற்றத்தில் நெல் காய்வதும் நமக்குப் பழகிய காட்சிகள். இவ்விரு வீட்டாரும் முன்னெல்லாம் சங்கத்திற்கு வந்து, காரியதரிசியின் மேசையருகே நின்று, தாளில் விவரம் எழுதிக் கையொப்பமிட்டுச் செல்வார்கள். இன்று அவ்விவரங்களில் பலவற்றைக் கைப்பேசியின் சிறு திரையில் விரலால் எழுத வேண்டியிருக்கிறது. உழவர்களுக்காகத் தமிழ்நாடு அரசு 2018-இல் 'உழவன்' செயலியை வெளியிட்டது. கூட்டுறவுச் சங்கங்களும் தமக்கெனச் செயலிகளைச் செய்வித்துக்கொள்ள முற்பட்டிருக்கின்றன. ஆகவே, அச்செயலிகளில் உள்ள ஒரு சிறு விஷயத்தை அங்கத்தினர்களின் கவனத்திற்குக் கொண்டுவர விரும்புகிறோம். விஷயம் சிறிதே, அதனால் விளையும் நஷ்டம் சிறிதன்று.

சில நாட்களுக்கு முன் ஒரு சங்க அலுவலகத்தில் நாம் கண்டது இது. முதிய நெசவாளர் ஒருவர் தம் பேரனின் கைப்பேசியில் ஒரு விண்ணப்பத்தை நிரப்பிக்கொண்டிருந்தார். பெயரை எழுதினார், ஊரை எழுதினார். அனுப்பும் பொத்தானை அழுத்தியபோதெல்லாம் திரை அவரைத் தடுத்தது. தொலைபேசி எண்ணுக்குரிய கட்டத்தில் பத்து இலக்கங்கள் மங்கலாகத் தெரிந்தன. "நம்பருதான் போட்டிருக்குதேங்க, இன்னும் என்ன கேக்குது?" என்றார் பெரியவர். அது அவருடைய எண் அன்று. எவருடைய எண்ணும் அன்று. எண்ணை எவ்வாறு எழுத வேண்டும் என்று காட்டுவதற்காகச் செயலியைச் செய்தவர் வைத்த மாதிரி. கட்டம் உண்மையில் காலியாகவே இருந்தது.

வெற்றுக் கட்டத்தினுள் மங்கிய நிறத்தில் தோன்றி, நாம் எழுதத் தொடங்கியவுடன் மறைந்துபோகும் இவ்வெழுத்தைப் 'பிளேஸ்ஹோல்டர்' என்பார்கள். ஆண்ட்ராய்டு செயலிகளைச் செய்வோர் 'ஹிண்ட்' என்றும் சொல்வர். இணையப் பக்கங்களை அமைக்கும் எச்.டி.எம்.எல். மொழியின் ஐந்தாம் பதிப்பு 2014 அக்டோபர் 28-ஆம் நாள் பொதுத் தரமாக அறிவிக்கப்பட்டபோது இதுவும் அதில் இடம்பெற்றிருந்தது. இதனைச் சேர்ப்பது மிக எளிது. கட்டத்தை உண்டாக்கும் வரியில் அந்தச் சொல்லை இட்டு, அதற்கு நேரே காட்ட வேண்டிய வாசகத்தை எழுதினால் போதும். ஆனால் அதே தரவிதி, கட்டத்தின் தலைப்புக்கு மாற்றாக இதனைப் பயன்படுத்தலாகாது என்றும் சொல்கிறது. வேலை எளிதாயிருப்பதால் இவ்வெச்சரிக்கையைப் பலர் மறந்துவிடுகிறார்கள். திரையில் இடம் மிச்சமாகும் என்று கருதித் தலைப்பை நீக்கிவிட்டுக் கேள்வியையே கட்டத்தினுள் மங்கலாக எழுதிவிடுகிறார்கள்.

மாதிரியை மெய்யென்று கொள்ளும் மயக்கம் கைப்பேசியோடு பிறந்ததன்று. 1938-இல் அமெரிக்காவின் நியூயார்க் மாநிலத்தில், லாக்போர்ட் என்னும் ஊரில் பணப்பை செய்யும் கம்பெனி ஒன்று, அரசாங்கத்தின் சமூகப் பாதுகாப்பு அட்டை பைக்குள் எப்படிப் பொருந்தும் என்று காட்டுவதற்காக ஒரு மாதிரி அட்டையை அச்சிட்டு ஒவ்வொரு பையிலும் வைத்தது. அம்மாதிரியில் இட்ட எண், கம்பெனியின் செயலாளராக இருந்த ஓர் அம்மையாரின் உண்மையான எண். அட்டை அசலைவிடச் சிறியது. சிவப்பு மையில் அச்சிடப்பட்டது. 'மாதிரி' என்ற சொல்லும் அதன்மேல் இருந்தது. அப்படியிருந்தும், பையை வாங்கியவர்களில் பலர் அவ்வெண்ணைத் தமதாகவே கொண்டார்கள். 1943-இல் மட்டும் 5,755 பேர் அதைப் பயன்படுத்தினர். மொத்தத்தில் 40,000-க்கும் மேற்பட்டவர்கள் அதைத் தம் எண்ணென்று கொடுத்தார்கள். 1977-இலும் 12 பேர் அதை விடவில்லை. படித்தவர் நிறைந்த நாட்டிலேயே இவ்வாறு நடந்ததென்றால், நம் பெரியவர் மயங்கியதில் வியப்பென்ன? குற்றம் நிரப்பியவரிடம் இல்லை. மாதிரியை வைத்த முறையில் இருக்கிறது.

இம்மங்கிய எழுத்தின் குறைகள் மூன்று. முதலாவது, எழுதத் தொடங்கியதும் அது மறைந்துவிடுகிறது. பாதி எழுதிய நிலையில் யாரேனும் அழைத்தால், திரும்பி வந்து பார்ப்பவருக்குக் கட்டம் எதைக் கேட்டது என்பதே விளங்காது. இரண்டாவது, அதன் மங்கல். சாதாரண அளவுள்ள எழுத்துக்கும் அதன் பின்னணிக்கும் ஒளி வேறுபாடு குறைந்தது 4.5-க்கு 1 என்ற விகிதத்தில் இருக்க வேண்டும் என்பது 2008-இல் வெளியான உலக வழிகாட்டு நெறி. பல ஆண்டுகள் ஜரிகை இழையை உற்று நோக்கிக் களைத்த கண்களுக்கு இது சலுகையன்று, அத்தியாவசியம். மூன்றாவது, பார்வையற்றோருக்குத் திரையைப் படித்துக் காட்டும் கருவிகள் எல்லாம் இவ்வெழுத்தைப் படிப்பதில்லை. இக்காரணங்களைக் கருதியே பிரிட்டிஷ் அரசு தன் இணையப் படிவங்களுக்கு வகுத்துள்ள வடிவமைப்பு முறையில், தலைப்புக்காகவோ விளக்கத்திற்காகவோ உதாரணத்திற்காகவோ இதனைப் பயன்படுத்த வேண்டாம் என்று அறிவுறுத்துகிறது.

நம் தொழிலில் இதற்கு நல்ல பாடம் இருக்கிறது. ஒரு பாவு முடிந்ததும் அதன் கடைசி இழைகளை விழுதிலும் அச்சிலும் அப்படியே விட்டுவைத்து, புதுப் பாவின் இழைகளை அவற்றோடு பிணைக்கிறோம். பழைய இழை புதிய இழைக்கு வழிகாட்டுகிறது, சேலையில் சேர்வதில்லை. மாதிரி எழுத்தின் வேலையும் அவ்வளவே. தலைப்பு கட்டத்திற்கு மேலே, கறுப்பாக, எப்போதும் நிற்க வேண்டும். உதாரணம் தேவையானால் அத்தலைப்பின் கீழே, 'உதாரணம்' என்ற சொல்லோடு நிற்க வேண்டும். கட்டத்தினுள் ஏதேனும் எழுதித்தான் ஆகவேண்டும் என்றால், அது மறைந்தாலும் நஷ்டமில்லாத சிறு குறிப்பாக இருக்கட்டும். நீண்ட தமிழ் வாசகம் சிறிய திரையில் பாதியில் வெட்டுண்டு போகும் என்பதையும் செய்பவர் நினைவில் கொள்ள வேண்டும்.

உதாரணத்தைத் தேர்வதிலும் விவேகம் வேண்டும். பிறந்த தேதிக்கு 03-04-1968 என்று மாதிரி காட்டினால், அது ஏப்ரல் மூன்றா மார்ச் நான்கா என்ற ஐயம் எழும். 25-08-1968 என்று காட்டினால், 25 என்னும் மாதம் கிடையாதாகையால், நாள்தான் முன்னே என்பது தானே விளங்கும். பெயருக்கு 'முதற்பெயர்', 'குடும்பப்பெயர்' என்று இரண்டு கட்டம் வைப்பது தந்தையின் தலையெழுத்தை இட்டு எழுதும் நமக்குப் பொருந்தாது. ஒரே கட்டம் வைத்து, 'வங்கிப் பாஸ் புத்தகத்தில் உள்ளபடி, தலையெழுத்துடன்' என்று மேலே குறிப்பிடுவதே நேரானது. வங்கிக் கிளைக்குரிய ஐ.எப்.எஸ்.சி. குறியீட்டில் 11 இடங்கள். முதல் நான்கு எழுத்துகள், ஐந்தாவது எப்போதும் பூஜ்யம். அதனை ஆங்கில 'ஓ' என்று எண்ணி எழுதுவோர் உண்டு; ஆகையால் 'ஐந்தாவது இடம் பூஜ்யம்' என்ற மூன்று சொற்களைக் கட்டத்தின் அருகே வைப்பது எந்த மாதிரியையும்விட மேல்.

விவசாய அங்கத்தினர்களுக்கு நிலப்பரப்பே முக்கியம். நாம் ஏக்கரிலும் சென்ட்டிலும் பேசுகிறோம். பட்டாவிலோ ஹெக்டேர்க் கணக்கு. கட்டத்தினுள் '1.25' என்று மட்டும் மாதிரி காட்டினால், ஒன்றேகால் ஏக்கர் வைத்திருப்பவர் அவ்வாறே எழுதுவார். கேட்டது ஹெக்டேராயின் அவர் நிலம் ஏட்டில் மூன்று ஏக்கருக்கும் மேலாகிவிடும். விண்ணப்பம் தள்ளப்படும், அன்றேல் பொய்க்கணக்கு எழுதியதாகப் பழி வரும். 'ஹெக்டேரில்' என்ற ஒரு சொல் தலைப்பில் நிலைத்து நின்றால் இத்துன்பம் இல்லை.

மாதிரியாக எவருடைய உண்மையான கைப்பேசி எண்ணையோ கணக்கு எண்ணையோ ஆதார் எண்ணையோ ஒருபோதும் இடலாகாது என்பதைத் தனியே சொல்ல வேண்டுவதில்லை. லாக்போர்ட் கதையே அதற்குப் போதுமான சாட்சி.

செயலி செய்விக்கும் சங்கங்களின் நிர்வாகக் குழுவினருக்கு நம் யோசனை ஒன்று உண்டு. முழுப் பணத்தையும் கொடுத்துத் தீர்ப்பதற்கு முன், அங்கத்தினர்களில் ஐவரை அழையுங்கள். அவர்களில் ஒருவர் கண்ணாடி அணிந்த முதியவராகவும், ஒருவர் கைப்பேசியில் அதிகம் பழகாத பெண்மணியாகவும் இருக்கட்டும். ஒருவரும் உதவாமல் விண்ணப்பத்தை அவர்களே நிரப்பட்டும். அருகே இருந்து, அவர்கள் எங்கே தயங்குகிறார்கள் என்று மட்டும் குறித்துக்கொள்ளுங்கள். அத்தயக்கங்களைத் திருத்திய பிறகே செயலியை ஏற்றுக்கொள்ளுங்கள். பட்டை முழம் போட்டும், ஒளியில் பிடித்தும் பார்த்து வாங்கும் நாம், இதனைப் பாராமல் வாங்கலாமா?

அங்கத்தினர்களும் ஒன்றை நினைவில் வைக்க வேண்டுகிறோம். கட்டத்தில் மங்கலாகத் தெரிவது நீங்கள் எழுதியதன்று. விரலை அதன்மேல் வைத்து, உங்கள் விவரத்தை எழுதுங்கள். விளங்காவிட்டால் வெட்கப்படாமல் சங்கத்தில் கேளுங்கள். நீங்கள் கேட்கும் ஒவ்வொரு கேள்வியும் அடுத்து வரும் அங்கத்தினருக்கு வழியைச் செம்மையாக்கும். ஒருவர் இடறிய கல்லை அனைவருமாகச் சேர்ந்து அகற்றுவதன்றோ கூட்டுறவு!