குணசித்திர நடிகை ஜோன் ஹிக்ஸன்

நாடகமாயினும் திரைப்படமாயினும் கதாநாயகியின் முகமே மனத்தில் நிற்பது வழக்கம். கதவைத் திறந்துவிடும் வீட்டுக்காரி, வம்பளக்கும் அயலவள், கண்டிப்பு மிக்க தாதி ஆகியோரை நடித்தவர்களின் பெயரை எவர் கேட்கின்றனர்? பிரித்தானிய நடிகை ஜோன் ஹிக்ஸன் ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் பெரும்பாலும் இத்தகைய வேடங்களையே தாங்கினார்.

1906இற் பிறந்த அவர், லண்டனிலுள்ள அரச நாடகக் கலைக்கழகத்திற் பயின்று 1927இல் மேடையேறினார். 1930களிற் சினிமாவிலும் புகுந்தார். ‘கரி ஓன்’ என்னும் நகைச்சுவைப் படவரிசையிலே, 1959இல் தாதியர் தலைவியாகவும், மறு ஆண்டிற் பொலிஸ் நிலையத்துக்குப் பழகிப்போன குடிகாரியாகவும் தோன்றினார். இரண்டும் சில நிமிட வேடங்களே. ஆயினும், இருவரையும் நடித்தவர் ஒருவரே என எளிதிற் கூறிவிட இயலாது.

1945இல், துப்பறியும் கதைகளாற் புகழ்பெற்ற அகதா கிறிஸ்டியின் நாடகமொன்றில் ஹிக்ஸன் நடித்தார். அதனைக் கண்ட கிறிஸ்டி, தமது மிஸ் மார்ப்பிளாக ஒருநாள் அவர் நடிக்க வேண்டுமென விரும்பி எழுதினார். மிஸ் மார்ப்பிளோ கிராமத்திற் பின்னல்வேலை செய்துகொண்டே கொலைகளைத் துப்புத்துலக்கும் முதிய கன்னி. ஹிக்ஸனுக்கு அப்போது நாற்பது வயதுகூட நிறையவில்லை!

1961இல் மிஸ் மார்ப்பிள் கதையொன்று படமாயிற்று. மார்ப்பிளாக நடித்தவர் பருத்த உடலும் ஆரவாரமும் கொண்ட மார்கரட் றதர்போர்ட். ஹிக்ஸனுக்கு வாய்த்ததோ வீட்டுவேலைக்காரியின் வேடம். றதர்போர்டை மதித்து 1962இல் ஒரு நாவலையே அவருக்குக் காணிக்கையாக்கிய கிறிஸ்டி, தாம் படைத்த மார்ப்பிள் அவரல்லர் என்றே கருதினார்.

கிறிஸ்டி 1976இற் காலமானார். மேடை நடிப்புக்காக 1979இல் அமெரிக்காவின் ரோனி விருது ஹிக்ஸனைச் சேர்ந்தது. மிஸ் மார்ப்பிளாக பி.பி.ஸி. தொலைக்காட்சியில் அவர் தோன்றியதோ 1984இல், தமது 78ஆவது வயதில்.

அந்த நடிப்பிலே ஆரவாரமில்லை. மெலிந்த உருவம், தாழ்ந்த குரல், எதிலும் நிலைத்து நோக்கும் நீலக் கண்கள், அவ்வளவே. கிழவிதானே என்று கதைமாந்தர் அலட்சியமாகப் பேசிவிட, அவர் கேட்டுக்கொண்டிருப்பார். பிறர் பேசும்போது தாம் அடங்கியிருக்கும் அக்கலை, பெயரற்ற சிறு வேடங்களிற் கழிந்த ஆண்டுகளின் பேறு எனலாம். முக்கிய வேடங்களிலேயே வளர்ந்த நடிகையர்க்கு அது எளிதிற் கைகூடுவதன்று.

முன்னர் வேலைக்காரியாக நடித்த அதே கதையில், 1987இல் அவரே மார்ப்பிளானார். பன்னிரண்டு நாவல்களும் 1992இல் நிறைவெய்தின. இறுதியாக ஒளிபரப்பானது, றதர்போர்டுக்குக் காணிக்கையான அந்த நாவலே. ஹிக்ஸன் 1998இல், 92ஆவது வயதிற் காலமானார்.